திரைக்கதைக்காக ஒரு தொலைந்த நகரத்தைக் கட்டுவது எப்படி: உப்பிலிருந்து தொடங்கும் முழுமையான வழிகாட்டி

நான் எழுதிய முதல் திரைக்கதை ஜவ்வாது மலைக்குள் எண்ணூறு ஆண்டுகளாக யார் கண்ணிலும் படாமல் இருக்கும் ஒரு நகரத்தைப் பற்றியது. நாற்பது பக்கம் முடிந்ததும் அத்தையிடம் படிக்கக் கொடுத்தேன். அவர் பல வருடம் மளிகைக் கடை நடத்தியவர். படித்து முடித்துக் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "ஏன்டா, இவங்கெல்லாம் உப்புக்கு என்ன பண்றாங்க?"

என்னிடம் பதில் இல்லை. கதை அங்கேயே நின்றுபோனது.

அதற்குப் பிறகு குறும்படம் எடுக்கும் நண்பர்கள் பலருடைய கதைகளைப் படித்திருக்கிறேன். கடலுக்கடியில் அரசு, பாலைக்கு அடியில் நூலகம், மேகத்துக்கு மேலே தீவு என்று களம் மாறும். தடுக்கி விழும் இடம் மாறாது. கோபுரத்தை முதலில் வரைகிறார்கள், அதற்குள் வாழ்கிறவர்களைக் கடைசியில் யோசிக்கிறார்கள். கீழே உள்ள வரிசை அதைத் திருப்பிப் போடுகிறது. ஒவ்வொரு படியும் முந்தைய படியின் விடையை வைத்துத்தான் நடக்கும் என்பதால் வரிசையை மட்டும் மாற்ற வேண்டாம்.

1. எழுத உட்காரும் முன்

கட்டம் போட்ட நோட்டு ஒன்று, கால்குலேட்டர், ஒரு வார அவகாசம். வசனம் எழுதும் மென்பொருளை இந்த ஒரு வாரம் திறக்கவே வேண்டாம். திறந்தால் வசனம் வந்துவிடும். வந்த வசனத்தை வெட்ட மனசு வராது.

அப்புறம், கைவிடப்பட்ட ஓர் ஊரை நேரில் போய்ப் பாருங்கள். நம் பக்கத்தில் தனுஷ்கோடி இருக்கிறது. 1964 டிசம்பர் புயலில் அழிந்த ஊர். படம் பிடிப்பதைக் கொஞ்சம் நிறுத்திவிட்டு, எது மிஞ்சியிருக்கிறது, எது இல்லை என்று இரண்டு பத்தியாக எழுதுங்கள். தேவாலயத்தின் சுவர் நிற்கிறது, கூரை இல்லை. கல் இருக்கிறது, கதவும் சன்னலும் இல்லை. இத்தனைக்கும் அறுபது வருடம்தான் ஆகிறது. உங்கள் கதையில் எண்ணூறு வருட மரக்கதவு கிறீச்சென்று திறக்கிறதா? திரும்பி வந்து முதலில் அதை அடித்துவிடுங்கள்.

நான்கு படங்களை மறுபடி பார்த்துவிடுவதும் நல்லது: 1956-இல் வந்த 'ஃபர்பிடன் பிளானட்', 1986-இல் ஜப்பானிய அனிமேஷன் இயக்குநர் மியாசாகி எடுத்த 'காசில் இன் த ஸ்கை', 2010 பொங்கலுக்கு வந்த 'ஆயிரத்தில் ஒருவன்', 2018-இன் 'பிளாக் பேந்தர்'. கீழே அடிக்கடி இவற்றைத்தான் தொடுவேன்.

2. இறந்ததா, துண்டிக்கப்பட்டதா, ஒளிந்துகொண்டதா?

'தொலைந்த நாகரிகம்' என்ற ஒரே பெயரில் மூன்று வேறு வேறு கதைகள் உலாவுகின்றன. உங்களுடையது எது என்று முதல் நாளே எழுதி வைத்துவிடுங்கள்.

இறந்தது: ஆட்கள் யாரும் இல்லை, பொருள்கள் மட்டும் உண்டு. 'ஃபர்பிடன் பிளானட்' படத்தின் கிரெல் இனம் இப்படித்தான். துண்டிக்கப்பட்டது: ஆட்கள் இருக்கிறார்கள், ஆனால் வெளியுலகத்தோடு தொடர்பு அறுந்துவிட்டது. 'ஆயிரத்தில் ஒருவன்' காட்டும் சோழர்கள் இந்த வகை. ஒளிந்துகொண்டது: வெளியே என்ன நடக்கிறது என்று அவர்களுக்கு நன்றாகத் தெரியும், நமக்குத்தான் அவர்களைத் தெரியாது. 'பிளாக் பேந்தர்' படத்தின் வகாண்டா நாடு அப்படி.

இதை ஏன் முதலில் முடிவு செய்ய வேண்டும்? ஒவ்வொரு வகையிலும் மர்மம் வேறு இடத்தில் இருக்கிறது. இறந்தவர்கள் கதையில் "என்ன ஆனது?" என்பது கேள்வி. துண்டிக்கப்பட்டவர்கள் கதையில் "இவர்கள் என்னவாக மாறிவிட்டார்கள்?" ஒளிந்தவர்கள் கதையில் "ஏன் வெளியே வரவில்லை?" நான் படித்த கதை ஒன்றில் நகரம் முதல் பாதியில் வெறிச்சோடிக் கிடந்தது, இடைவேளைக்குப் பிறகு திடீரென்று அறுநூறு பேர் வந்து நின்றார்கள். அதுவரை எங்கே இருந்தார்கள் என்று எழுதியவருக்கே தெரியவில்லை.

3. அழிந்த காரணத்தை ஒரு வரியில் எழுதுங்கள்

"கடல் விழுங்கியது", "சாபம்" என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடாதீர்கள். காரணம் எவ்வளவு வேகத்தில் வந்தது என்பதுதான் ஆர்ட் டைரக்டருக்கு வேண்டிய தகவல். வீடுகளுக்குள் என்ன கிடக்கும் என்பதை முடிவு செய்வது அந்த வேகம்தான்.

இரண்டு உண்மையான ஊர்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கி.பி. 79-இல் வெசூவியஸ் எரிமலை வெடித்தபோது பாம்பெயியில் ஒரு ரொட்டிக்கடையின் அடுப்புக்குள் 81 ரொட்டிகள் இருந்தன. கரியாகிப்போன அந்த ரொட்டிகளை அப்படியே அகழ்ந்தெடுத்தார்கள். கிரேக்கத்தின் சாந்தோரினித் தீவில் இருக்கும் அக்ரோத்திரியும் எரிமலையில்தான் புதைந்தது; மூவாயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கும் முன்பு. ஆனால் அங்கே பலியானவர்களின் உடல்கள் கிடைக்கவில்லை, விலையுயர்ந்த பொருள்களும் மிகக் குறைவு. பெரிய சாடிகளும் கட்டில்களும் சுவர் ஓவியங்களும் இருந்தன. நிலநடுக்கம் முன்கூட்டியே எச்சரித்ததால் தூக்க முடிந்ததைத் தூக்கிக்கொண்டு மக்கள் கிளம்பிவிட்டார்கள் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள்.

முதல் ஊரில் அடுப்பில் ரொட்டி. இரண்டாவது ஊரில் தூக்க முடியாத சாடி. இதுதான் ப்ராப்பர்ட்டி பட்டியல், அதாவது செட்டில் வைக்க வேண்டிய பொருள்களின் பட்டியல்.

புதியவர்கள் செய்யும் தவறு இரண்டையும் குழப்புவது. மக்கள் நிதானமாகக் காலி செய்துவிட்டுப் போன நகரத்தில் தங்கச் சிலை நடுமண்டபத்தில் எப்படி இருக்கும்? போகிறவன் அதைத்தானே முதலில் தூக்குவான். சிலை இருந்தே ஆக வேண்டும் என்றால், தூக்க முடியாததற்கு ஒரு காரணம் சொல்லுங்கள், இல்லையென்றால் அழிவை வேகப்படுத்துங்கள்.

4. சோறு, தண்ணீர், உப்பு

ஆட்கள் உயிரோடு இருக்கும் கதை என்றால் அரை நாளை இந்தப் படிக்கு ஒதுக்குங்கள். அலுப்பாகத்தான் இருக்கும். ஆனால் படத்தின் பாதி சீன்கள் எனக்கு இந்தக் கணக்கிலிருந்துதான் கிடைத்தன.

ஆயிரம் பேர் என்று வைப்போம். ஆளுக்கு நாளுக்கு அரைக் கிலோ அரிசி. ஆண்டுக்குச் சுமார் 182 டன். நெல்லைக் குத்தினால் மூன்றில் இரண்டு பங்குதான் அரிசி தேறும் என்று கொண்டால் 275 டன் நெல் வேண்டும். பழைய முறை விவசாயம், ஒரு போகம், எக்டேருக்கு 2 டன் என்று வைத்துக்கொண்டால் சுமார் 137 எக்டேர், அதாவது 340 ஏக்கர். விதைநெல்லும், மழை பொய்க்கும் ஆண்டுக்கான சேமிப்பும் சேர்ந்தால் 400 ஏக்கரைத் தாண்டும். இப்போது சொல்லுங்கள், அந்தக் குகைக்குள் 400 ஏக்கர் வயல் எங்கே?

இடம் இல்லையென்றால் மூன்று வழி உண்டு. ஆட்களைக் குறைக்கலாம். நெல்லை விட்டு மீன், கிழங்கு, ஆடு என்று போகலாம். அல்லது பசியையே கதையாக்கலாம். 'ஆயிரத்தில் ஒருவன்' மூன்றாவது வழியில் போனது. அங்கே ராஜா இருக்கிறார், அரசவை இருக்கிறது, சோறு இல்லை. அந்த ஒரு முரண் பத்துக் கோபுரத்துக்குச் சமம்.

தண்ணீருக்கு ஓர் ஊற்றோ ஓடையோ போதும், ஆனால் அது எங்கிருந்து வருகிறது என்று வரைபடத்தில் கோடு போடுங்கள். வெளியிலிருந்து உள்ளே வருகிற எதுவும் வில்லனுக்கு ஒரு வாசல்.

அப்புறம் உப்பு. ஆளுக்கு நாளுக்கு 5 கிராம் என்றால் ஆயிரம் பேருக்கு ஆண்டுக்கு 1.8 டன். கடலோர ஊருக்குக் கவலை இல்லை. மலைக்குள் இருப்பவர்களுக்குப் பாறை உப்போ உவர் ஊற்றோ வேண்டும். அதுவும் இல்லையென்றால் யாரோ ஒருவர் ரகசியமாகக் கொண்டுவர வேண்டும். கடைசியாகச் சொன்னதுதான் எனக்குப் பிடித்தது. தலைமுறை தலைமுறையாக உப்பு மூட்டை கொண்டுவந்து ஒரு பாறை மேல் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போகும் ஒரு குடும்பம். அவர்களில் ஒருவனுக்குக் கடன் ஏறுகிறது. கதை தானாக நகரும்.

ஓர் எச்சரிக்கை. நாகரிகம் எந்த ஆண்டில் துண்டிக்கப்பட்டதோ, அதற்குப் பிறகு வந்த எதுவும் சமையலறையில் இருக்கக் கூடாது. மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, கொய்யா, பப்பாளி, முந்திரி எல்லாம் அமெரிக்கக் கண்டத்திலிருந்து, ஐரோப்பியக் கப்பல்கள் வந்த பிறகு நமக்குக் கிடைத்தவை. 'ஆயிரத்தில் ஒருவன்' சோழர்களைப் போல 1279-இல் பிரிந்து போனவர்களின் குழம்பில் காரம் என்றால் அது மிளகுதான். வெளியிலிருந்து போன கதாநாயகன் பையிலிருந்து ஒரு பச்சைமிளகாயை எடுத்துக் கடித்தால் அதுவே ஒரு சீன்.

5. இத்தனை நாள் எப்படி மாட்டவில்லை?

1930-களின் படங்களுக்கு இந்தத் தலைவலி இல்லை. இமயமலைக்கு அப்பால் என்றாலே போதும். இன்றைக்கு எல்லோர் கையிலும் செயற்கைக்கோள் படம் இருக்கிறது.

அடர்ந்த காடு மறைத்துவிடும் என்று எழுதாதீர்கள். விமானத்திலிருந்து லேசர் பாய்ச்சி, இலைகளுக்கு அடியிலிருக்கும் தரையின் மேடுபள்ளத்தை அளக்கும் லிடார் முறை வந்துவிட்டது. குவாத்தமாலாவின் பெத்தேன் காட்டில் சுமார் 2,100 சதுர கிலோமீட்டரை அப்படி அளந்தபோது, 60,000-க்கும் மேற்பட்ட பழைய மாயா நாகரிகக் கட்டுமானங்கள் தென்பட்டதாக 2018-இல் அறிவித்தார்கள். காடு மறைக்கிறது, ஆனால் முன்பு போல இல்லை.

நிலத்தடியில் வைத்தால் செயற்கைக்கோளிடம் தப்பிக்கலாம், மூச்சுக்கு என்ன வழி? துருக்கியில் தெரின்குயு என்ற நிலத்தடி நகரம் இருக்கிறது. சுமார் 85 மீட்டர் ஆழம், 20,000 பேர் வரை தங்கியிருக்கலாம் என்கிறார்கள். காற்றுக்குச் செங்குத்தான துளைகள், உள்ளிருந்து உருட்டி மூடும் வட்டக் கல்கதவுகள். வீட்டைச் செப்பனிட்ட ஒருவர் சுவரை இடித்தபோது, 1963-இல் அது மறுபடி வெளியே தெரிந்தது. கண்டுபிடிப்பு சீன் எழுதத் திணறுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம். மாயக்கல்லும் கிரகணமும் தேவையில்லை, ஒரு கடப்பாரை போதும்.

மூன்றாவது வழி, எல்லோர் கண் முன்னும் இருந்துகொண்டே ஏமாற்றுவது. வகாண்டா உலகத்துக்கு ஓர் ஏழை விவசாய நாடாகத்தான் தெரிகிறது. யாரும் தேடிப்போக விரும்பாத இடமாக இருப்பது எந்த மாயத்திரையையும் விட நம்பும்படி இருக்கிறது என்பது என் எண்ணம்.

6. மொழிக்குப் பத்துச் சொல்

முழு மொழியை உருவாக்க வேண்டியதில்லை. பத்துச் சொல் போதும். ஆனால் அந்தப் பத்தும் காலத்தைக் காட்ட வேண்டும்.

பிரிந்து போன கூட்டம் பழைய மொழியை அப்படியே உறைய வைத்துப் பேசும் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். அது பாதிதான் உண்மை. சில பழசு தங்கும், மீதி அதன் வழியில் மாறும். நம்மிடமே உதாரணம் இருக்கிறது. 'அவன்', 'இவன்' இரண்டுக்கும் நடுவே 'உவன்' என்றொரு சுட்டு பழந்தமிழில் உண்டு. தமிழ்நாட்டுப் பேச்சில் அது போய்விட்டது. யாழ்ப்பாணத்தில் 'உவன்', 'உது' இன்றும் புழங்குகிறது. அதற்காக யாழ்ப்பாணத்துக்காரர் சங்ககாலத் தமிழ் பேசுகிறார் என்று யாரும் சொல்வதில்லை.

பட்டியலை மூன்றாகப் பிரியுங்கள். நாம் விட்டுவிட்ட, அவர்கள் வைத்திருக்கும் சொற்கள் சில. அவர்களிடம் இருக்கவே முடியாத சொற்கள் சில: சாவி, சன்னல், அலமாரி, மேசை எல்லாம் போர்த்துக்கீசியர் வழியாக வந்தவை, ஆகவே 1279-இல் பிரிந்தவர்கள் திறவுகோல், சாளரம் என்பார்கள். மீதி, அவர்களே புதிதாக உண்டாக்கிக்கொண்ட சொற்கள். இந்த மூன்றாவதைத்தான் எல்லோரும் மறந்துவிடுகிறார்கள். எழுநூறு வருடம் குகையில் வாழ்ந்தவர்களுக்கு இருட்டின் வகைகளுக்கு மட்டும் நாலைந்து பெயராவது இருக்காதா?

எழுத்து விஷயத்திலும் கவனம் வேண்டும். 2001-இல் வந்த டிஸ்னியின் அட்லாண்டிஸ் படத்துக்காக மார்க் ஓக்ரண்ட் என்ற மொழியியலாளர் தனியாக ஒரு மொழியே உருவாக்கித் தந்தார். நல்ல உழைப்பு. ஆனால் அதே படத்தில், அழிவுக்கு முன்பே பிறந்து இன்னும் உயிரோடு இருக்கும் அந்த மக்களுக்குத் தங்கள் எழுத்தையே படிக்கத் தெரியவில்லை. வெளியிலிருந்து வந்தவன்தான் படித்துக் காட்டுகிறான். மொழி சரியாக இருந்தும் தர்க்கம் ஓட்டையாகிவிட்டது.

கதாநாயகனுக்கு ஒரே சீனில் மொழி பிடிபட்டுவிடுவதும் அடிக்கடி வரும் தவறு. 1994-இல் வந்த 'ஸ்டார்கேட்' இதற்கு ஓர் அழகான வழி கண்டது. பழைய எகிப்திய எழுத்தில் உயிரொலிகள் இல்லை. ஆகவே படிக்கத் தெரிந்த அறிஞனுக்கும் காதால் கேட்டால் புரிவதில்லை. ஒரு பெண் உச்சரித்துக் காட்டிய பிறகுதான் பிடி கிடைக்கிறது. தடையும் அவன் படிப்பிலிருந்தே வருகிறது, தீர்வும் அங்கிருந்தே வருகிறது.

7. அவர்களுக்கு என்ன வேண்டும்?

நாம் அவர்களைத் தேடிப் போகிறோம், சரி. அவர்கள் எதைத் தேடுகிறார்கள்? இதற்கு ஒரு வரி விடை இல்லாத கதைகளில் அந்த மக்கள் வரிசையாக நின்று ஈட்டியைத் தரையில் தட்டுவதோடு சரி.

'ஆயிரத்தில் ஒருவன்' சோழர்கள் தஞ்சைக்குத் திரும்பும் நாளுக்காகக் காத்திருக்கிறார்கள். தூதன் ஒருவன் வருவான் என்று நம்பியிருக்கிறார்கள். அந்தக் காத்திருப்புதான் தூது வந்ததாகச் சொல்லும் ஒரு பெண்ணை நம்ப வைக்கிறது, அந்த நம்பிக்கைதான் அவர்களை அழிக்கிறது. கதையின் இயந்திரம் உள்ளே இருப்பவர்களின் ஆசையில் ஓடுகிறது, வெளியாட்களின் பேராசையில் மட்டும் அல்ல.

8. உள்ளே போகிறவர்

யார், ஏன், ஏன் இப்போது? மூன்றாவதற்குப் பெரும்பாலும் விடை இருக்காது. எண்ணூறு ஆண்டு அமைதியாக இருந்த இடத்துக்கு இந்த வருடம் ஏன் ஆள் வருகிறது? புதிய சுரங்க அனுமதி, வற்றிய ஏரி, செத்துப்போன உப்பு வியாபாரி, ஏதாவது ஒன்று வேண்டும்.

வந்தவன் ஒரே வாரத்தில் அவர்களுடைய ரட்சகனாகிவிடும் கதையைத் தயவுசெய்து இன்னொரு முறை எழுத வேண்டாம். வெளியாளோடு முதலில் உள்ளே நுழைவது பெரும்பாலும் காய்ச்சல். நீண்ட காலம் தனித்திருந்தவர்களுக்கு நம் சாதாரண சளிக்கும் தட்டம்மைக்கும் எதிர்ப்புச் சக்தி இருக்காது. அந்தமானின் வடக்கு சென்டினல் தீவை நெருங்கவே நம் சட்டம் தடை போட்டிருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். (அந்த மக்களை வைத்து 'தொலைந்த நாகரிகம்' எழுத நினைப்பவர்கள் அந்த யோசனையை விட்டுவிடுங்கள். அவர்கள் தொலையவில்லை, தனியே விடச் சொல்கிறார்கள்.) கதாநாயகன் தும்முகிற ஒரு ஷாட், பின்னால் வரப்போகும் எந்தச் சண்டையை விடவும் பயமுறுத்தும்.

9. எதை எப்போது காட்டுவது

இப்போதுதான் கோபுரத்துக்கு வருகிறோம். வசனத்தில் விளக்காமல் பொருளைக் காட்டி ஊகிக்க விடுங்கள். 'ஃபர்பிடன் பிளானட்' படத்தில் கிரெல்கள் ஒரு தடவைகூடக் கண்ணில் படுவதில்லை. மேலே குறுகி இடுப்பளவில் அகன்றிருக்கும் அவர்களுடைய கதவைக் காட்டி, இதில் நுழைந்தவர்களின் உடல் எப்படி இருந்திருக்கும் என்று யோசிக்க விடுகிறார்கள். எழுபது ஆண்டுகளாகப் போகிறது, அந்தக் கதவு எனக்கு இன்னும் எந்த கிராஃபிக்ஸ் உருவத்தையும் விடப் பெரியது.

நான் மூன்று பொருள் என்று வைத்துக்கொள்வேன். முதல் பொருளைப் பார்வையாளர் தவறாகப் புரிந்துகொள்ள வேண்டும். இரண்டாவது அந்த ஊகத்தோடு இடிக்க வேண்டும். அதை இடைவேளைக்குச் சற்று முன் வையுங்கள். மூன்றாவது உண்மையைச் சொல்லட்டும். 1968-இன் 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' கடைசியில் காட்டும் சுதந்திர தேவி சிலை எல்லோருக்கும் நினைவிருக்கும். அதற்கு முன்பே குகை அகழ்வில் பேசும் மனிதப் பொம்மை ஒன்று கிடைக்கும். பொம்மை இல்லாமல் சிலை மட்டும் வந்திருந்தால் அது வெறும் திடுக்கிடல்.

ஆட்களே இல்லாத இடம் என்றால் ஒரு அன்றாடப் பழக்கத்தை மட்டும் உயிரோடு விடுங்கள். மியாசாகியின் வான்தீவில் மனிதர்கள் போய் வெகுகாலம் ஆகிவிட்டது, ஓர் இயந்திரம் மட்டும் இன்னும் தோட்டத்தைப் பார்த்துக்கொள்கிறது, கல்லறைக்குப் பூ வைக்கிறது. அங்கே வாழ்ந்தவர்களைப் பற்றி அதற்கு மேல் ஒரு வசனமும் எனக்குத் தேவைப்படவில்லை.

10. கடைசியில் எல்லாம் இடிந்து விழாமல் முடியுங்கள்

புதையலைத் தொட்டதும் தூண் ஆடும், கூரை விழும், கதாநாயகன் கடைசி நொடியில் குதிப்பான். எழுதுகிறவருக்கு இது வசதி, ஏனென்றால் "கண்டுபிடித்த பிறகு என்ன?" என்று யோசிக்க வேண்டியதில்லை. அந்தக் கேள்விதான் கதையின் கனமான பகுதி. 'பிளாக் பேந்தர்' நகரத்தை இடிக்கவில்லை. ஒளிந்திருந்த நாளெல்லாம் வெளியே நம் ஆட்கள் வதைபட்டார்களே என்று கேட்க ஒருவனை உள்ளே அனுப்புகிறது. பதில் சொல்ல முடியாமல் ராஜா திணறுகிறான்.

11. படித்துக் காட்டுதல்

வரைபடம், சோற்றுக் கணக்கு, பத்துச் சொல், மூன்று பொருள், ஆசைக்கான ஒரு வரி. இவ்வளவும் நான்கு பக்கத்துக்குள் அடங்க வேண்டும். இதை சினிமா நண்பருக்குக் கொடுக்காதீர்கள். அவர் ஷாட் பற்றிப் பேசுவார். வீடு நடத்துகிற ஒருவரிடம் கொடுங்கள். கேட்பதை எல்லாம் எழுதிக்கொள்ளுங்கள், எதிர்த்து வாதாடாதீர்கள்.

நான் என் நான்கு பக்கத்தை மறுபடி அத்தையிடமே கொண்டுபோனேன். உப்பு மூட்டைக் குடும்பத்தைப் படித்ததும் தலையாட்டினார். பக்கத்தைத் திருப்பினார். "உப்பு சரி. இத்தனை பேருக்கு எண்ணூறு வருஷமா அடுப்பெரிக்க விறகு?"

வீட்டுக்கு வந்து வரைபடத்தில் வடக்குச் சரிவு முழுவதையும் மொட்டையாக்கினேன். செயற்கைக்கோள் படத்தில், நாலாபுறமும் பச்சைக்கு நடுவே, விளக்கம் சொல்ல முடியாத ஒரு வெற்று மலைச்சரிவு. படத்தின் முதல் ஷாட் இப்போது அதுதான்.